எலிவளைக் கமிட்டி

உக்காருங்கண்ணே, நான் தள்ளிக்கிறேன். ஜன்னலோரம் வேணுமா? வேணாமா, சரி. தஞ்சாவூரு போற வரைக்கும் வெயிலு இந்தப் பக்கந்தான் அடிக்கும், நானே வாங்கிக்கிறேன், எனக்குப் பழகிட்டுது.

ஒண்ணு கேக்குறேன், தப்பா எடுத்துக்காதீங்க. வயக்காட்டு எலி பாத்திருக்கீங்களா? வீட்டு உத்தரத்துல ஓடுற சுண்டெலி இல்லண்ணே, வயக்காட்டு எலி. வாலோட சேத்தா ஒரு முழம் வரும். அத வைக்கோல்ல போட்டு மயிரு பொசுக்கி, வயித்தக் கீறி, உப்பும் மஞ்சளும் தடவி, களத்துமேட்டுலயே சுட்டுத் தின்னுறாங்க, நான் இருந்த ஊருல. காலையில பத்து மணிக்கு! வாழை எலையில வச்சு என் மூஞ்சிக்கு நேரா நீட்டுறாங்க. "தின்னு பாருங்க தம்பி, கோழியெல்லாம் இதுகிட்ட பிச்ச வாங்கணும்"ங்கிறாங்க. எலைய அப்படியே தள்ளி விட்டுட்டேன். எனக்கு சாதி கீதியெல்லாம் கிடையாதுண்ணே, அத முதல்லயே சொல்லிடுறேன். அவங்க வீட்டுல தண்ணி குடிச்சிருக்கேன். ரெண்டு தடவ. அது வேற, எலி வேற.

நான் யாருன்னே சொல்லல பாருங்க. தியாகேசன். பி.ஏ. பொருளாதாரம். கும்பகோணம். அப்பா பாத்திரக்கடை வச்சிருக்காரு, அண்ணனும் அங்கதான் உக்காந்திருக்கான், என்னையும் உக்காருன்னாங்க. குண்டான வித்துகிட்டு உக்காரவா பொருளாதாரம் படிச்சேன்? போங்கய்யான்னு சொல்லிட்டு வடவோடைக்குப் போனேன். வடவோடை கூட்டுப்பண்ணைச் சங்கத்துக்கு செக்ரட்டரி. நேத்து சாயந்திரம் வரைக்கும்.

கூட்டுப்பண்ணைன்னா தெரியும்ல? கோயில் நெலம் அறுபது ஏக்கரு. தலமொற தலமொறயா ஒரே பண்ணையாரு குடும்பம் குத்தகையில வச்சிருந்துச்சு. அதுல கூலிக்குக் கெடந்தவங்க நாப்பது குடும்பம். கொடி புடிச்சு, அடி வாங்கி, ஜெயிலுக்குப் போயி, கடைசியில அந்தக் குத்தகைய அவங்க சங்கத்து பேருக்கே வாங்கிட்டாங்க. நாப்பது குடும்பமும் ஒண்ணாப் பயிரு வச்சு, ஒண்ணா அறுத்து, வெளைஞ்சதப் பங்கு போட்டுக்கணும். ரஷ்யாவுல பண்ணுறாங்கள்ல, அதேதான்! நம்ம நீடாமங்கலம் பக்கத்துலயே! எனக்கு நெனச்சாலே மயிர்க்கூச்செறியும்ணே.

ஆனா ஒரு முடிச்சு இருந்துச்சு. ரெண்டு வருசம் கழிச்சு, மாசி மாசம் பொதுக்கூட்டம் போட்டு, சேந்தே இருக்குறதா, இல்ல குடும்பத்துக்கு ஒண்ணரை ஏக்கரா பிரிச்சுக்கிறதான்னு அவங்களே கை தூக்கி முடிவு பண்ணணும். அதுதான் ஒப்பந்தம். அந்த மாசிதான் இந்த மாசி.

பிரிச்சா போச்சு. ஒண்ணரை ஏக்கருல டிராக்டர் எங்க திரும்பும்? எனக்கு ராவும் பகலும் இதே நெனப்பு. அறுபது ஏக்கரு ஒண்ணா இருக்கணும், அறுபது ஏக்கரு ஒண்ணா இருக்கணும். இதுக்காக நான் என்னெல்லாம் பண்ணேன் தெரியுமா? உள்ள இருந்த குட்டிக் குட்டி வரப்பெல்லாம் முடிஞ்ச வரைக்கும் வெட்டி எடுத்துட்டு, நாலே நாலு பெரிய வரப்பு போட்டேன். வண்டி போவலாம், அவ்வளவு அகலம். "இம்மாம் பெரிய வரப்பு போட்டா எலி பொழங்கும் தம்பி"ன்னாங்க. எலிக்குப் பயந்தா புரட்சி பண்ண முடியும்?

அப்புறம் ஓட்டு. முன்னாடி குடும்பத்துக்கு ஒரு ஓட்டு, ஆம்பளைதான் போடுவான். நான் மாத்துனேன்ணே. பொம்பளைக்கும் ஓட்டுன்னு தீர்மானம் கொண்டுவந்தவன் நான்! மொத்தம் எழுபத்தாறு கை. அதுல பாதிக்குப் பாதி பொம்பளைங்க.

ஆம்பளைங்கள்ல முக்காவாசிப் பேருக்குப் பிரிச்சுக்கணும்னு ஆசை. என் நெலம், என் வரப்பு, என் மீசை. ஆனா பொம்பளைங்க முப்பத்தெட்டு பேரும் சேந்தே இருக்கணும்னாங்க. ஒருத்தி பாக்கியில்லாம! ஏன் தெரியுமா? என் வகுப்பு. புதங்கெழமை புதங்கெழமை மாரியம்மன் கோயில் வாசல்ல ரஷ்யாவுலேந்து வர்ற வழவழப்பான பத்திரிகைய விரிச்சு வச்சு படம் காட்டுவேன். தலையில துணி கட்டிகிட்டு டிராக்டர் ஓட்டுற பொம்பளைங்க, ஆள் உயரத்துக்குக் கோதுமை. அப்படியே பாத்துகிட்டு இருப்பாங்க.

அதுல வேம்புன்னு ஒருத்தி. முப்பத்தஞ்சு வயசு இருக்கும். நடவுன்னாலும் அறுப்புன்னாலும் அவதான் முதல் ஆளு, அவ குனிஞ்சாதான் மத்தவங்க குனிவாங்க. புருசன் கலியன் பிரிக்கணும்னு நிக்கிற ஆளு, இவ சேத்தே வைக்கணும்னு நிக்கிறா. நடுத்தெருவுல ரெண்டு பேரும் சண்டை போடுவாங்க, எனக்குக் கண்ணு கலங்கிடும், இதுல்ல விழிப்புணர்ச்சின்னு! அவ ஒருநா படத்த உத்துப் பாத்துட்டு, "இந்த ஊருல எலி உண்டா தம்பி?"ன்னா. எல்லாரும் சிரிச்சாங்க. நானும் சிரிச்சேன். "அங்க எலியே கிடையாது, எல்லாத்தையும் ஒழிச்சுட்டாங்க"ன்னேன். அவ மொகம் ஒரு மாதிரி ஆயிட்டுது. "அப்ப அந்தப் பொம்பளைங்க என்னா பண்ணுவாங்க?"ன்னா. டிராக்டர் ஓட்டுவாங்கன்னேன்.

சம்பா அறுப்பு வந்துச்சு. அடடா, அத நீங்க பாத்திருக்கணும். நாலு அணியாப் பிரிச்சேன். அணிக்கு ஒரு கொடி. காலையில ஆறு மணிக்கு நான் வரப்புல நின்னு விசில் அடிப்பேன், அருவாளு எறங்கும். "ரயிலு கெளம்பிட்டுது டோய்"னு கிண்டல் பண்ணுவாங்க, பண்ணட்டும். ஒன்பது நாள்ல அறுபது ஏக்கரும் அறுத்து, கட்டு கட்டி, களத்துல கொண்டாந்து போட்டாச்சு. பங்கு கொடுத்தாச்சு. நல்ல வெளைச்சல்ணே. நான் கடைசிக் கட்டு போனதும் வெத்து வயல்ல நின்னு அழுதேன். சந்தோசத்துல.

மறுநா காலையில எந்திரிச்சுப் பாக்குறேன், என் நாலு வரப்புலயும் ஊரு பொம்பளைங்க பூரா! கடப்பாரையும் மம்பட்டியுமா! தோண்டு தோண்டுன்னு தோண்டுறாங்க. ஒருத்தி ஓட்டைச் சட்டியில வைக்கோலக் கொளுத்திப் புகைய வளைக்குள்ள ஊதுறா, இன்னொருத்தி அந்தப் பக்கம் பொந்துல தடியோட நிக்கிறா, எலி மூச்சு முட்டி வெளிய வருது, ஒரே அடி. அத வரிசையா அடுக்குறாங்க. த்தூ. துப்பலண்ணே, சும்மா சொன்னேன். எலியோட போச்சா? அப்புறம் வளைக்குள்ள தோள் வரைக்கும் கைய விட்டு இழுக்குறாங்க. கதிரு! கத்திரிக்கோல வச்சு வெட்டுன மாதிரி ஒரே அளவுல வெட்டி, உள்ள அறை அறையா எலி அடுக்கி வச்சிருக்கு. ஒரு வளையில ரெண்டு மரக்கா நெல்லு. சிலதுல நாலு. என் வரப்பு பெருசுல்ல, எலியெல்லாம் மாளிகை கட்டியிருக்கு!

வேம்பு மூட்டை கட்டிகிட்டு இருந்தா. நான் போயி, "இது யாரு நெல்லு?"ன்னேன்.

"எலி நெல்லு தம்பி."

"எலிக்கு ஏது நெல்லு? சங்கத்து நெல்லத்தானே அது திருடுச்சு?"

"அத எலிகிட்டல்ல கேக்கணும்"னா. எல்லாரும் சிரிக்கிறாங்க.

அப்புறம் என்னமோ சட்டம் படிச்ச வக்கீலு மாதிரி எனக்குப் பாடம் நடத்துனா. கடைசிக் கட்டு களத்துக்குப் போற வரைக்கும்தான் வயலு ஆம்பளைங்களுது. அதுக்கப்புறம் அடுத்த உழவு வரைக்கும் வளை பொம்பளைங்களுது. எவ முதல்ல பாக்குறாளோ வைக்கோல முடிஞ்சு வளை வாயில சொருகிட்டுப் போவா, அப்புறம் யாரும் தொட மாட்டாங்க. தோண்டுனவ வரப்ப அடைச்சுக் குடுத்துடணும். இதுதான் மொறையாம். "கூலி நெல்லு, பங்கு நெல்லு எல்லாம் அவரு கையில வாங்குறாரு, அவரு கையாலயே போவுது, கள்ளுக்கடை வழியா. வளை நெல்லு மட்டும் என் கையிது. நான் எங்க ஆத்தாளுக்குக் குடுப்பேன், பொண்ணுக்குப் பாவாடை எடுப்பேன், எவனும் ஏன்னு கேக்க முடியாது"ன்னா.

பக்கத்துல நின்ன இன்னொருத்தி சொல்றா, "இதுக்குத்தானே தம்பி சேத்தே இருக்கட்டும்னு மல்லுக்கட்டுறோம். பிரிச்சுட்டா அவனவன் வரப்பு, அவனவன் வளைன்னு ஆயிடும்ல."

கேட்டீங்களாண்ணே? தனியுடைமை! ரெண்டு வருசம் படம் காட்டியிருக்கேன், இவங்க மூளையில என்ன ஏறியிருக்கு பாருங்க. பொதுச் சொத்துல வளர்ந்த கதிரு, பொது வரப்புல ஒளிச்சு வச்ச கதிரு, அது எப்படி ஒருத்தி மடிக்குப் போவும்? உங்களுக்கே நியாயமாப் படுதா? நான் விடலண்ணே. தத்துவத்துல விட்டுக்கொடுத்தா அப்புறம் என்ன இருக்கு?

கமிட்டியக் கூட்டுனேன். தலைவரு பக்கிரி, நல்ல மனுசன், நாலு தடவ ஜெயிலுக்குப் போனவரு. "வேணாம் தம்பி, அது பொம்பளைங்க சமாச்சாரம், நம்ம தலையிடக் கூடாது"ன்னாரு. "தோழர், எலி வளைக்குள்ளயும் சோசலிசம் போவணும்"னேன். தலையச் சொறிஞ்சாரு. கையெழுத்துப் போட்டாரு. ஊருல தமுக்கு அடிச்சுச் சொன்னோம்: இனிமே வளை நெல்லு சங்கத்துக்குச் சொந்தம், எட்டு பேரு கொண்ட எலிவளைக் கமிட்டி தோண்டும், தனியா யாரும் தோண்டப்படாது. கமிட்டியில வேம்புவையே முதல் ஆளாப் போட்டேன். மரியாதை குடுக்கணும்ல!

முதல் நாளு. விசில் அடிச்சேன். எட்டு பேரும் வந்தாங்க. தோண்டுனாங்க. அண்ணே, சத்தியமாச் சொல்றேன், அன்னைக்கு அறுபது ஏக்கருலயும் ஒரு கதிரு இல்ல. முந்தா நாளு வரைக்கும் மாளிகை மாளிகையா இருந்துச்சு! தோண்டுற எடமெல்லாம் மண்ணு. "என்னா பண்றது தம்பி, எலியெல்லாம் தமுக்கு சத்தம் கேட்டு ஊரக் காலி பண்ணிட்டுது"ன்னு வேம்பு மூஞ்சிய வச்சுகிட்டுச் சொல்றா. "நீங்க அந்தப் பொந்துகிட்ட நில்லுங்க, இங்கேந்து புகை போடுறோம்"னா. நின்னேன். வேட்டி கட்டியிருந்தாலும் பரவாயில்ல, பெல்பாட்டம் போட்டிருந்தேன். வந்துச்சு பாருங்க ஒண்ணு. நேரா கால் வழியா மேல! முழங்கால் தாண்டி! நான் ஆடுன ஆட்டத்த... சிரிக்காதீங்கண்ணே. நீங்களுமா? இன்னும் நெனச்சா தொடையில ஊருற மாதிரி இருக்கு. பக்கிரி வரப்புல உக்காந்து கண்ணத் தொடச்சுகிட்டுச் சிரிக்கிறாரு. நாலு தடவ ஜெயிலுக்குப் போன மனுசன்!

மூணாம் நாளு, உச்சி வெயில்ல எல்லாரும் சாப்புடப் போயிருந்தப்ப நான் சுத்திகிட்டு வந்தேன். கோயில் பக்கத்து வரப்புல வேம்பு. தனியா. வைக்கோல் முடிச்சு சொருகியிருக்கு, வளை தொறந்திருக்கு, மடி நெறையக் கதிரு. எங்க கமிட்டி தோண்டுனப்ப மண்ணு வந்துச்சே, அதுலேந்து பத்தடி தூரத்துல!

விசில் அடிச்சேன். வேற என்ன பண்ணுறது, கூப்புட்டா ஓடிடுவா. சனங்க கூடிட்டாங்க. "கொட்டு"ன்னேன். மெதுவாத்தான் சொன்னேன். நான் அவ மடியில கைய வைக்கலண்ணே, அது பச்சப் பொய், பின்னாடி எவனாவது சொன்னா நம்பாதீங்க. அவளாத்தான் கொட்டுனா. என் காலுமேல. என் செருப்புக்குள்ள எல்லாம் கதிரு. அப்புறம் சொன்னா, அதுவரைக்கும் நீங்க வாங்கன்னு பேசுனவ, "பண்ணையாரு எங்கப்பன மரத்துல கட்டி வச்சு அடிச்சான். நடவுக்கு வர லேட்டாச்சுன்னு எங்காத்தாளப் பேசாத பேச்சுப் பேசுனான். ஆனா அவன்கூட வளைக்குள்ள கைய வுடலடா. நீ வுட்டுட்ட."

டா!

எனக்கு எவ்வளவு வலிச்சிருக்கும்? ஆனாலும் நெல்ல அள்ளிச் சங்கத்துக் கட்டடத்துல வைக்கச் சொன்னேன். அள்ள யாரும் வரல. நானே அள்ளுனேன். பண்ணையாரு ஏன் கைய வுடல? அவனுக்கு எலக்காரம், எச்சி நெல்லுன்னு விட்டான். நான் அவங்களுக்காக எடுத்தேன். ரெண்டும் ஒண்ணா? சொல்லுங்க, நீங்க படிச்சவங்க மாதிரி தெரியுது. இந்த வித்தியாசம் கூடத் தெரியலன்னா அந்த ஜனங்கள என்னத்தச் சொல்றது? அருவருப்பா இருக்குண்ணே. எலியக்கூட மன்னிச்சுடலாம்.

அன்னைலேந்து வகுப்புக்கு ஒருத்தி வரல. நான் பத்திரிகைய விரிச்சு வச்சுகிட்டு ஆட்டுக்குட்டிக்குப் படம் காட்டுனேன். சரி, கோவம், தணிஞ்சுடும்னு நெனச்சேன். கூட்டத்தன்னைக்கு கை தூக்கத்தான் போறாங்க. வரலாறு அவங்க பக்கம் இருக்கு, வரலாற விட்டுட்டு எங்க போவாங்க?

நேத்து சாயந்திரம் கூட்டம். ஆலமரத்தடியில. ஆம்பளைங்க ஒரு பக்கம், பொம்பளைங்க ஒரு பக்கம். நான் முக்கா மணி நேரம் பேசுனேன். நல்லாப் பேசுனேன்ணே, என் குரலே எனக்கு நடுங்குச்சு. பக்கிரி எந்திரிச்சு, "பிரிச்சுக்கலாங்கிறவங்க கை தூக்குங்க"ன்னாரு. ஆம்பளைங்க பக்கம் தூக்குனாங்க, தெரிஞ்சதுதானே. அப்புறம் வேம்பு கை. அவ புருசன் கலியனே திரும்பிப் பாக்குறான், நம்பாம. அவ கை எழுந்துச்சா, அவ்வளவுதான், நாத்து எந்திரிக்கிற மாதிரி வரிசையா முப்பத்தெட்டு கையும்.

நான் கத்துனேன். "வேம்பு! பிரிச்சா வளை உன் புருசனுக்குத்தான் போவும்! உனக்கு என்ன கிடைக்கும்?"

அவ எந்திரிக்கக்கூட இல்ல. உக்காந்தபடியே சொன்னா, "தெரியும் தம்பி. சேந்திருந்தா வளை உங்களுக்கு, பிரிஞ்சா அவருக்கு. அவருன்னா நான் சண்டை போடுவேன், சோறாக்காமப் படுப்பேன், பாதியாவது வாங்கிடுவேன். உங்ககிட்ட எப்படிச் சண்டை போடுறது? நீங்க விசில் அடிக்கிறிய."

எல்லாரும் கை தட்டுறாங்க! என் வகுப்புல ஒருநாளாவது கை தட்டியிருப்பாங்களா?

சேந்தே இருக்கணும்னு தூக்குன கை பதினொண்ணு. பன்னெண்டாவதா நானும் தூக்குனேன். "தம்பிக்கு ஓட்டு கிடையாது"ன்னாரு பக்கிரி. பொம்பளைக்கு ஓட்டு வாங்கிக் குடுத்தவன் நான், எனக்கு ஓட்டு கிடையாது. எப்படி இருக்கு?

ராத்திரி பூரா தூக்கமில்ல. காலையில நீடாமங்கலம் வந்து காபி குடிச்சுகிட்டு இருந்தேன். பக்கத்துல ஒருத்தரு வந்து உக்காந்தாரு. பழைய பண்ணையாரோட மாப்பிள்ளை, சபாபதின்னு பேரு. நான் எந்திரிச்சுப் போயிடலாம்னுதான் பாத்தேன், வர்க்க எதிரில்ல? ஆனா மனுசன் தன்மையாப் பேசுனாரு. "நீங்க சொல்றதுதான் தம்பி சரி, அறுபது ஏக்கர துண்டு துண்டா வெட்டுறது பாவம்"னாரு. வடவோடையில ரெண்டு வருசமா எவனும் எங்கிட்ட இத சொல்லலண்ணே! அவருகிட்ட சொந்த டிராக்டரு இருக்கு. வரப்ப இன்னும் கொறச்சுடலாங்கிறாரு. எலிய என்ன பண்ணுவீங்கன்னு கேட்டேன். மருந்து வச்சுடுவேன்னாரு. தெளிவான ஆளு.

அதான் ஒரு மனு எழுதியிருக்கேன், கோயில் நெலத்துக்கு அதிகாரி தஞ்சாவூருல இருக்காரு, அவருக்கு. இந்த ஜனங்களுக்கு இன்னும் பக்குவம் வரல, பிரிக்க அனுமதிக்கக் கூடாது, பக்குவம் வர்ற வரைக்கும் தற்காலிகமா அறுபது ஏக்கரையும் முழுசா, பொறுப்பான ஒரே ஆள் கையில குத்தகைக்கு விடணும்னு. செக்ரட்டரின்னு கையெழுத்துப் போட்டிருக்கேன். சபாபதி என்னையே மேனேஜரா வச்சுக்கிறேன்னாரு. அதுக்காக இல்லண்ணே. கொள்கைக்காக. எப்படியோ நெலம் ஒண்ணா இருந்தாப் போதும், மக்கள் பின்னாடி வந்து சேந்துப்பாங்க.

என்ன? அந்த நாப்பது குடும்பமா? அவங்களுக்கென்னண்ணே, வேலை இருந்துகிட்டேதான் இருக்கும். அறுக்குறதுக்கு ஆளு வேணும்ல?

இந்தாங்க, படிச்சுப் பாருங்க. கீழ சாட்சிக் கையெழுத்து ஒண்ணு வேணும், ரெண்டு பேரு போட்டா பலமா இருக்கும்னாரு. சபாபதி ஒண்ணு போட்டுட்டாரு. விலாசம் எழுதுனாப் போதும், உங்களுக்கு ஒரு தொந்தரவும் வராது. இந்தாங்க பேனா.

அண்ணே, ஏன் எந்திரிச்சுட்டீங்க? இது அம்மாப்பேட்டைதான், தஞ்சாவூர் இன்னும் எவ்வளவோ தூரம் இருக்கே. அண்ணே. பேனாவையாவது குடுத்துட்டுப் போங்கண்ணே.